அடி மட்டும் போதாது

"என் புருஷனை வளைச்சிப் போட்டுகினு, ஒண்ணுந்தெரியாதவ மாதிரி இங்கயே வந்து குந்திகினு கீறியாடி?"

மெர்சி போட்ட கூச்சலில் மண்ணூர் சர்ச் கூடம் கப்பென்று அடங்கியது. ஞாயிறு ஆராதனை முடிந்து, புருஷன் பெண்டாட்டிக்குள் சமாதானம் பேச உட்கார்ந்திருந்த சபைப் பெரியவர்கள் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். கடைசி பெஞ்சில் இருந்த ரத்னா குனிந்த தலை நிமிரவில்லை.

ஜெயசீலனுக்குக் காதில் தேன் பாய்ந்தது. போன மாதம் அவனிடம் அடிபட்டுக் கை முறிந்து தாய்வீடு போன பெண்டாட்டியும், அவளுக்குப் பரிந்துகொண்டு வந்த ரத்னாவும் இப்படி முட்டிக்கொள்வார்கள் என்று அவன் கனவிலும் நினைக்கவில்லை. எவன் கோள் சொன்னானோ, அவன் நன்றாக இருக்கட்டும் என்று மனசுக்குள் வாழ்த்தினான்.

ரத்னா அவன் கம்பெனியில் பேக்கிங் செக்‌ஷனில் இருப்பவள். அடித்துக் கொடுமை பண்ணிய புருஷனைக் கோர்ட்டுக்கு இழுத்து, அத்துவிட்டு வந்தவள். அவள்தான் மெர்சியையும் காஞ்சிபுரத்து வக்கீலிடம் கூட்டிப்போனாள்.

வக்கீல் கட்டுப்போட்ட கையைப் பார்த்தார், பெயரைக் கேட்டார், உதட்டைப் பிதுக்கினார். ரத்னாவுக்கு இந்துச் சட்டம், மெர்சிக்கு வெள்ளைக்காரன் எழுதிவைத்துப்போன கிறிஸ்தவச் சட்டம். தொண்ணூற்றொன்றாம் வருஷத்திலும் அதுதான் செல்லும். அடி என்னவோ ரெண்டு பேருக்கும் ஒரே மாதிரிதான் வலித்தது.

"அடி மட்டும் போதாதுன்னு வக்கீல் சொல்டாராம்பா" என்று கூட வேலை செய்யும் டில்லிபாபு சேதி கொண்டுவந்த அன்றைக்கு, ஜெயசீலன் கம்பெனி லைனில் இருந்த அத்தனை பேருக்கும் டீ வாங்கிக் கொடுத்தான். வேறு என்ன வேண்டுமாம் என்று கேட்கத் தோன்றவில்லை. அந்த மிதப்பில் யாருக்குத்தான் தோன்றும்?

இன்றைக்கு எப்படியும் போதகர் புத்தி சொல்லி மெர்சியை அவனோடு அனுப்பிவிடுவார். சாயங்காலம் ஒரகடம் பஸ்ஸில் ஏற்றிவிட்டால் தீர்ந்தது. வக்கீல் வீட்டுப் படியேறிய காலை அப்புறம் கவனித்துக்கொள்ளலாம் என்று அவன் காத்திருந்தான்.

"கேளுங்க பாஸ்டர் ஐயா" என்று மெர்சி மூக்கைச் சிந்தினாள். "எனக்கு நாயம் வாங்கித் தரேன்னு சொல்லிகினு, அந்தாண்ட இந்த ஆளோட சுத்திகினு கீறா. இந்த மூஞ்சிக்கு எவ வருவான்னு இருந்தேனே, எம் புத்தியை இன்னான்னு சொல்றது."

ஜெயசீலனுக்குத் துணையாக வந்திருந்த டில்லிபாபு வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தான். ஜெயசீலனுக்குச் சுருக்கென்றது.

"இதுல உண்மை இருக்கா ஜெயசீலா?" என்றார் போதகர்.

உண்மையில் அவன் ரத்னாவோடு நின்று பேசியதுகூட இல்லை. பொம்பளையை அடிக்கிற கோழை என்று கேன்டீனில் எல்லார் எதிரிலும் கேட்டவள் அவள். இல்லை என்று சொன்னால் ரெண்டு பேரும் மறுபடி ராசியாகிவிடுவார்கள். ஆமாம் என்று சொன்னால் அந்தத் திமிர் பிடித்தவள் கம்பெனிப் பக்கம் தலைகாட்ட முடியாது. பெண்டாட்டியும் புருஷன் கைவிட்டுப் போய்விடுவானோ என்று அலறி அடித்துக்கொண்டு வீடு வந்து சேர்வாள்.

அவன் மீசையை நீவிக்கொண்டு எழுந்தான்.

"ஆமா, வெச்சிகினு தான் கீறேன். இப்ப அதுக்கு இன்னா? ஆம்பளன்னா அப்படி இப்படி இருக்கத்தான் செய்வான்."

"யோசிச்சுப் பேசுப்பா. இது ஆண்டவர் சந்நிதி."

"சந்நிதியிலதான் சொல்றேன். நைட் ஷிப்ட்டுன்னு சொல்ட்டுப் போன நாளெல்லாம் வடக்குப்பட்டுல இவ வூட்டுலதான் இருந்தேன். போதுமா?"

சொல்லிவிட்டுக் கடைசி பெஞ்சைப் பார்த்தான். சூப்பர்வைசரே ஒதுங்கிப்போகிற வாய் அது. இன்றைக்கு ஒரு வார்த்தை வரவில்லை. அவமானத்தில் நாக்கு ஒட்டிக்கொண்டது என்று அவனுக்கு ஒரே சந்தோஷம்.

மெர்சி கண்ணைத் துடைத்துக்கொண்டாள். அடுத்து அவள் பேசியபோது குரலில் அழுகை இல்லை.

"வக்கீல் அன்னிக்கே முழுசா சொன்னாரு பாஸ்டர் ஐயா. நம்ம மதத்துப் பொம்பளைக்குப் புருஷன் அடிச்சா மட்டும் போதாதாம். அவனுக்கு வேற பொம்பள தொடுப்பும் இருக்கணுமாம். ரெண்டும் சேர்ந்தாத்தான் கோர்ட்டுல அத்துவுடுவாங்களாம். அடிச்சதுக்கு ஆஸ்பத்திரி சீட்டு கீது. இதுக்கு நீங்க எல்லாரும் சாட்சி."

ஜெயசீலனின் மீசையில் இருந்த கை தானாக இறங்கியது.

"ஐயா, ஐயா, நான் சும்மா சொன்னேங்க. வெறும் வீம்புக்கு சொன்னேன். அவ நிழலைக்கூட மிதிச்சது கெடையாது."

"சந்நிதியில சொல்றேன்னு நீதானேப்பா சொன்னே" என்றார் போதகர். அவர் முகம் சிவந்திருந்தது.

"என்னை நம்பலைன்னா அவளையே கேளுங்க." அவன் கடைசி பெஞ்சுக்கு ஓடினான். கோழை என்று அவள் சொன்னதெல்லாம் மறந்துபோய், கையெடுத்துக் கும்பிட்டான். "ரத்னா, உன் மானம் போவுதும்மா. ஊரே காறித் துப்பும். இல்லைன்னு ஒரு வார்த்தை சொல்லும்மா."

கூடம் முழுக்க அவள் பக்கம் திரும்பியது. ரத்னா எழுந்து நின்றாள். மெர்சியை ஒரு தடவை பார்த்துவிட்டுப் போதகரிடம் சொன்னாள்.

"அவரு சொன்னது அத்தினியும் நெசந்தான், பாஸ்டர் ஐயா."