கட் சொன்ன பிறகு

"ஏலே விஜயா, உன் பொண்டாட்டிகிட்ட சொல்லு. குழம்புல உப்பு தூக்கல்!"

"ஏங்க, உங்க அம்மாகிட்ட சொல்லுங்க. நல்லாப் பிசைஞ்சா சரியாயிரும்!"

இருவரும் இருந்தது ஒரே மேஜையில். நடுவில் விஜயசங்கர். பாவம், தலையைத் திருப்பித் திருப்பிக் கழுத்தே சுளுக்கிக்கொண்டது.

அம்மா வடிவாம்பாளும் மனைவி வித்யாவும் பேச்சை நிறுத்தி மூன்று மாதம். என்ன சண்டை என்று கேட்டால் இருவரும் மோட்டுவளையைப் பார்ப்பார்கள். தெருவே வித்யாவைத்தான் வைதது.

"மாமியாகிட்ட வாய் திறக்கமாட்டேங்காளே, என்னா திமிரு!"

குறும்படம் எடுக்கிறவனுக்கு வீட்டுச் சண்டையும் கதைதானே!

"ரெண்டே பேரு. அதிகாரம், மௌனம். வசனமே கிடையாது. பரிசோதனைப் படம்!" என்று இருவரையும் கேமரா முன்னால் எதிரெதிரே உட்காரவைத்தான். திரைவிழாவுக்கு அனுப்ப அன்றுதான் கடைசி நாள்.

பத்து நிமிடம் முறைத்தார்கள். அம்மாடி, என்ன முறைப்பு! பக்கத்தில் பால் இருந்தால் திரிந்திருக்கும். பரிசு நமக்குத்தான் என்று விஜயசங்கருக்குப் புல்லரித்தது.

"கட்!" என்றதும் போன் அடித்தது. நண்பன் பரீது.

"மாப்ளே, ஐந்தருவில குளிக்கத் தடையை எடுத்துட்டாவ! ஓடியா!"

சாரல் காலத்தில் எந்தத் தென்காசிக்காரனுக்குக் கால் தரையில் நிற்கும்? துண்டை எடுத்தவன் கேமராவை அணைக்க மறந்துவிட்டான்.

குளித்து வந்து, தலை சொட்டச் சொட்டப் படத்தைப் போட்டான். முறைப்பு. முறைப்பு. "கட்!" கதவு சாத்துகிற சத்தம்.

அப்புறம் பார்த்தால், இருவரும் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரிக்கிறார்கள்!

"இன்னும் ஒரு நிமிஷம் ஆயிருந்தா வெடிச்சிருப்பேன்ட்டி!"

"உங்க மூக்கு விடைச்சதைப் பாத்து எனக்கும்தான் அத்தை!"

'அடப்பாவிகளா! மூணு மாசமா என்னையக் கோட்டிக்காரன் ஆக்கியிருக்காளுவளே!' விஜயசங்கருக்குச் சுள்ளென்று ஏறியது.

படத்தில் அம்மா மருமகளின் கையைப் பிடித்தாள். "போதும் தாயி. ஊரே உன்னைய வையுது. பேசிருவோம்."

"வைஞ்சா வையட்டும் அத்தை. முந்தி உங்க மவன் உங்க பக்கத்துல வந்து ஒரு வார்த்தை பேசுவாவளா? இப்பம் தூது சொல்லவாவது நாளைக்கு இருபது தடவை வாராவ. நாம பேசிட்டா அதுவும் நின்னுரும்."

விஜயசங்கர் படத்தை அனுப்பவில்லை. எழுந்து அம்மாவிடம் போனான்.

வடிவாம்பாள் முகத்தை உர்ரென்று வைத்துக்கொண்டாள். "என்னலே, என்ன சொல்லச் சொன்னா அவ?"

"அவ ஒண்ணும் சொல்லலம்மா. நானாத்தான் வந்தேன்."