இருளாண்டியின் உள்ளங்கை

வேலை முடியுமுன் பெண்கள் வெளியேறக் கூடாதென்று முதலாளி கதவைப் பூட்டியிருந்ததால், சாத்தூர் தீப்பெட்டி ஆபீசில் பிடித்த தீயில் முருகம்மாள் வெந்து செத்தாள். அவள் பட்ட வலியை அறிய, புருஷன் இருளாண்டி தினமும் தீக்குச்சி உரசித் தன் உள்ளங்கையைச் சுட்டுக்கொண்டான். முதலில் கதறினான், பிறகு பல்லைக் கடித்தான். ஒருநாள் வலியும் இல்லை, கொப்புளமும் இல்லை.

அன்று அவன் வேலைபார்த்த அதே ஆபீசுக்கு முதலாளி கையில் கட்டோடு வந்தார். "சும்மா உக்காந்திருந்தேன், சூடு வச்ச மாதிரி பொத்துப்போச்சுலே."

"பாத்து இருங்கய்யா," என்றான் இருளாண்டி.

அறுபத்திரண்டாம் வருஷம் ஆடி மாசம், இருக்கன்குடி மாரியம்மனுக்கு அவன் வெறுங்கையில் அக்கினிச்சட்டி ஏந்தினான். முதலாளி வீட்டைக் கடக்கையில் மாடியில் அலறல் கேட்டது.

"வெரசா நட மச்சான், கை வெந்துரும்," என்றான் முருகம்மாளின் தம்பி.

"எனக்கு வேகாது மாப்ளே."

இருளாண்டி நடையைக் குறைத்தான். கோயில் இன்னும் வெகுதூரம் இருந்தது.