எவாரிஸ்தோ சீட்டு

"மேஸ்ட்ரோ, நாட்டுக்கே தெரிஞ்ச கதைதான். இருந்தாலும் உங்க வாயால கேட்கணும். அந்த வெள்ளிக்கிழமை எப்படிக் கோட்டை விட்டீங்க?"

மேடையில் மைக்கைப் பிடித்துக்கொண்டு இப்படிக் கேட்டவன் போர்ஹா, மாட்ரிட்டிலிருந்து வந்திருந்த தொலைக்காட்சித் தொகுப்பாளன். எழுந்து போய் அவனை ஓர் அறை விடலாமா என்றிருந்தது எனக்கு. எங்கள் ஊர்க்காரர் எவாரிஸ்தோவுக்கு, எழுபத்தேழு வயதில், எங்கள் ஊர் அரங்கத்திலேயே பாராட்டு விழா. இன்றைக்கா இதைக் கேட்பது?

ஆனால் உண்மையைச் சொல்ல வேண்டும். அதையே எங்கள் ஊர் முப்பத்தேழு வருஷமாகக் கேட்டுக்கொண்டிருந்தது.

எவாரிஸ்தோ சவரக் கடைக்காரர் மகன். கல்யாண வீடுகளில் சீட்டு வித்தை காட்டிக் காட்டியே மாட்ரிட் வரை போனவர். ஸ்பெயினில் இரண்டே சேனல் இருந்த காலம். வெள்ளிக்கிழமை சாயங்காலம் அவர் பச்சைக் கோட்டில் திரையில் வந்து நின்றால் தெருவில் ஈ காக்கை இருக்காது. அப்போது நான் சரகோசா நகரத்தில் வேலை பார்த்தேன். "எங்க ஊர்க்காரர்" என்று சொல்லியே எனக்குப் பாதிச் சிநேகிதம் கிடைத்தது.

அவருடைய பெரிய வித்தை உறை வித்தைதான். பார்வையாளர் ஒருவரைக் கூப்பிட்டு, ஒட்டிய உறையை அவர் கையில் கொடுத்துவிடுவார். வந்தவர் மனதுக்குப் பட்ட சீட்டைச் சொல்லலாம். பிறகு உறையைப் பிரித்து, உள்ளே இருக்கும் தாளை அவரே உரக்கப் படிக்க வேண்டும். சொன்ன சீட்டுதான் எழுதியிருக்கும். எவாரிஸ்தோ இரண்டு கையையும் பின்னால் கட்டிக்கொண்டு, "தாளை நான் தொடவே மாட்டேன்" என்பார். நாடே கூடச் சேர்ந்து சொல்லும்.

அந்த வெள்ளிக்கிழமை நேரடி ஒளிபரப்பு. தலையில் துணி கட்டிய ஒரு பெண் மேடைக்கு வந்தாள். கோப்பை ஏழு என்று சொன்னாள்; எங்கள் நாட்டுச் சீட்டில் ஆட்டின் மாதிரி கோப்பையும் ஒரு ஜாதி. உறையைப் பிரித்துத் தாளைப் பார்த்தாள். பார்த்துக்கொண்டே நின்றாள். படிக்கவில்லை.

எவாரிஸ்தோ பின்னால் கட்டிய கையை அவிழ்த்தார். தாளை வாங்கி மடித்து அவளுடைய கைப்பைக்குள் வைத்தார்.

"படிக்காதீங்க செனோரா. நான் தப்பா எழுதிட்டேன். இன்னைக்கு நீங்க ஜெயிச்சீங்க."

அரங்கம் விழுந்து விழுந்து சிரித்தது. மறுநாள் பத்திரிகைகளும் சிரித்தன. மூன்றே மாதத்தில் நிகழ்ச்சியைத் தூக்கிவிட்டார்கள். அதன்பிறகு கப்பல்களிலும் ஆஸ்பத்திரிகளிலும் ஊர்த் திருவிழாக்களிலும் வித்தை காட்டினார். யாரிடமும் ஒரு வார்த்தை குறைபட்டுக்கொண்டதில்லை.

ஊர் சும்மா இருக்குமா? முட்டை அடையில் உப்புக் கூடினால் "எவாரிஸ்தோ சீட்டு". பந்தாட்டத்தில் பெனால்டி வெளியே போனால் "எவாரிஸ்தோ சீட்டு". ஃபெர்மின் கடையில் வெர்முத் குடித்துக்கொண்டிருக்கும் அவர் காதிலேயே விழும். அவரும் சேர்ந்து சிரிப்பார். நானும் சொல்லியிருக்கிறேன், மறைக்கவில்லை.

இப்போது போர்ஹாவுக்கும் அதே சிரிப்போடு பதில் சொன்னார்.

"தப்பா எழுதிட்டேன் தம்பி. மனுஷன்தானே."

போர்ஹா விடவில்லை. பின்னாலிருந்த திரையில் அந்தப் பழைய காட்சியை ஓடவிட்டான். அவள் முகமும் தாளின் வெற்று முதுகும் தெரிந்தன. கூட்டத்தில் சிலர் களுக்கென்று சிரித்தார்கள்.

மூன்றாவது வரிசையிலிருந்து ஓர் அம்மாள் எழுந்தார். கைத்தடியை ஊன்றி மெதுவாகப் படியேறி மேடைக்கு வந்து மைக்கைக் கேட்டு வாங்கினார்.

"என் பேரு பெனிதா. அந்தப் படத்துல நிக்கிறது நான்தான். வெட்கத்துல இத்தனை வருஷம் வாயைத் திறக்கல."

எவாரிஸ்தோ பதறிப்போய் எழுந்தார். "வேண்டாம் செனோரா, விட்டுடுங்க. எல்லாம் முடிஞ்சு போன கதை."

"நீங்க உட்காருங்க மேஸ்ட்ரோ" என்றார் அந்த அம்மாள்.

கைப்பையைத் திறந்து, நாலாக மடித்த, மஞ்சளேறிய ஒரு தாளை எடுத்தார். கண்ணாடியை மாட்டிக்கொண்டார். எழுத்துக்குக் கீழே விரலை வைத்து, ஒவ்வொன்றாகப் படித்தார்.

"கோப்பை... ஏழு."

போர்ஹா தாளை வாங்கிப் பார்த்தான். தேதி இருந்தது. எவாரிஸ்தோவின் கையெழுத்து இருந்தது. தாளிலிருந்து திரைக்கும், திரையிலிருந்து தாளுக்குமாக அவன் கண் ஓடியது.

"சரியாத்தானே எழுதியிருக்காரு. அன்னைக்கே இதைப் படிச்சிருந்தா இவரு வாழ்க்கையே வேறயா இருந்திருக்குமே. ஏம்மா படிக்கல?"

பெனிதா திரும்பிப் பார்த்தார். எவாரிஸ்தோ பழைய வெள்ளிக்கிழமைகளில் நின்ற மாதிரியே, கையைப் பின்னால் கட்டிக்கொண்டு, தலையைக் குனிந்து நின்றுகொண்டிருந்தார்.

"அன்னைக்கு எனக்கு எழுத்தே தெரியாது தம்பி. தாளைத் தலைகீழாப் பிடிச்சிருந்தேன். நாடே பார்த்துக்கிட்டிருந்துச்சு, அதைக் கவனிச்சது இவர் ஒருத்தர்தான்."