ஒரு சொட்டு விடாமல்

"அம்மணி, என்ர கேனை எங்க வெச்சே?"

"மாட்டுக் கொட்டாய்ல, பால் கேனுக்குப் பக்கத்துல இருக்குதுங்க மாமா. அவசரத்துல மாத்தி ஊத்திப்போடாதீங்க, சொசைட்டிக்காரன் கட்டி வெச்சு ஒதைப்பான்."

மாசாணத்துக்குச் சிரிப்பு வந்தாலும், வந்த அவசரம் சிரிக்க விடவில்லை. லுங்கியை மடித்துக் கட்டிக்கொண்டு ஓடினார்.

மதுக்கரை சிமெண்ட் குடோனில் லோடுமேன் அவர். ஒற்றை ஆளாக மூட்டையைத் தூக்கி லாரியில் எறிகிற மனிதர், அன்றைக்கு லீவு போட்டுவிட்டு ஒரு வெள்ளைப் பிளாஸ்டிக் கேனுக்குக் காவல் இருந்தார். கோயமுத்தூர் டாக்டர் வரதராஜுலு அப்படித்தான் சொல்லியிருந்தார். காலையில் எழுந்ததும் போகிற சிறுநீரைக் கீழே விட்டுவிட வேண்டும். அதற்கப்புறம் மறுநாள் காலை அதே நேரம் வரைக்கும் ஒரு சொட்டுக்கூட வீணாகாமல் கேனில் பிடித்துக்கொண்டு வர வேண்டும்.

மூன்று மாதமாகத்தான் இந்த ஆஸ்பத்திரி நடை. அதுவரை தலைவலி மாத்திரைகூட வாங்கியறியாத குடும்பம். வீட்டில் இப்போது உப்பில்லாச் சமையல். தனித்தனியாகச் சமைக்கலாம் என்ற பேச்சு ஒருநாள் வந்தது, பெரிய சண்டையாகி முடிந்தது. அன்றிலிருந்து இருவருக்கும் ஒரே சட்டி, ஒரே சப்பை ரசம்.

"ஏனுங்க மாமா, அத்தனையும் புடிச்சே ஆகோணுமுங்களா? கொஞ்சம் கீழ போனாத்தான் என்னங்க?" மயிலாத்தாள் தட்டில் இருந்த சோற்றை அளைந்துகொண்டே கேட்டாள்.

"கணக்கே கெட்டுப்போயிரும் புள்ள. ஒரு நாளைக்குக் கிட்னி எத்தனை அழுக்கை வெளிய தள்ளுதுன்னு கணக்குப் போடுவாங்களாமா. அது சரியா வந்தாத்தான் அடுத்த மாசம் ஆபரேசன்."

"கொறஞ்சு வந்தா?"

"ஆபரேசனே இல்லேன்னு திருப்பி அனுப்பிப்போடுவாரு டாக்டரு. அந்தப் பேச்சை எடுக்காதே."

அவள் எடுக்கவில்லை. ஆனால் சோறும் இறங்கவில்லை. பாதியில் கை கழுவிக்கொண்டாள்.

சாயங்காலம் பால் ஊற்ற மாசாணம்தான் சைக்கிளில் சொசைட்டிக்குப் போனார். மயிலாத்தாள் வீட்டுப் பால் என்றால் அங்கே சோதித்துப் பார்ப்பதில்லை. ஒரு துளி தண்ணீர் இருக்காது என்று அத்தனை பேருக்கும் தெரியும்.

"கேன் பத்திரம் அம்மணி!" என்று வாசலில் நின்று ஒரு தடவை, தெருமுனையில் திரும்பி ஒரு தடவை கத்தினார்.

"நா பாத்துக்கறேன், போய்ட்டு வாங்க!"

மறுநாள் காலை டவுன் பஸ்ஸில் கேனை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். கண்டக்டர் அருகில் வந்து, "பால் கேனுக்கு லக்கேஜ் போடோணுமுங்க" என்றார்.

"பால் இல்லீங்க..."

"பின்ன என்னதுங்க?"

மாசாணம் பேசாமல் லக்கேஜ் டிக்கெட் வாங்கிக்கொண்டார். பக்கத்தில் மயிலாத்தாள் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு குலுங்கிக் குலுங்கிச் சிரித்தாள். அவள் அப்படிச் சிரித்துப் பார்த்து எத்தனையோ நாளாயிற்று. அதற்காக இன்னொரு டிக்கெட் வாங்கச் சொன்னாலும் வாங்கியிருப்பார்.

ஆஸ்பத்திரியில் கேனை வாங்கி அளந்தார்கள், ரத்தமும் எடுத்தார்கள். மத்தியானம் டாக்டர் வரதராஜுலு கால்குலேட்டரைத் தட்டினார். முகம் சுளித்தார். திரும்பவும் தட்டினார்.

"மாசாணம், கணக்கு இடிக்குதே. அளவு ரெண்டு லிட்டர் சரியா இருக்கு. ஆனா உங்க உடம்புக்கு ஒரு நாளைக்கு வரவேண்டிய கழிவுல பாதிதான் இதுல இருக்கு. ரத்தம் ஒண்ணு சொல்லுது, இது வேறொண்ணு சொல்லுது."

"ஒரு சொட்டு கீழ உடலீங்க டாக்டர்! சாமி சத்தியமுங்க!"

"விட்டா அளவு குறையுமே. இது குறையலை. பாதியை ஊத்திட்டு, அந்த அளவுக்குத் தண்ணி கலந்த மாதிரி இருக்கு."

மாசாணம் மெதுவாகத் திரும்பி மனைவியைப் பார்த்தார். அவள் தலை குனிந்திருந்தது.

"அம்மணி?"

"நாந்தானுங்க" என்றாள் மயிலாத்தாள். "பால்ல ஒருநாளும் தண்ணி ஊத்துனதில்லீங்க டாக்டர். இதுல ஊத்திப்போட்டனுங்க. கணக்குக் கொறஞ்சு வந்தா ஆபரேசன் வேண்டாம்னு சொல்லிப்போடுவீங்கன்னு நெனச்சனுங்க. மூட்டை தூக்கற ஒடம்புங்க. அதுல கத்தி வெக்கறதை என்னால தாங்க முடியாதுங்க."

டாக்டர் கண்ணாடியைக் கழற்றி மேசையில் வைத்தார். "ஆபரேசன் இல்லேன்னா அப்புறம் உயிருக்கு என்னம்மா வழி?"

அவள் கண்ணீர் மடியில் சொட்டியது.

மாசாணத்துக்குத் திட்டத்தான் வாய் வந்தது. திட்ட முடியவில்லை. அவள் கையை எடுத்துத் தன் முரட்டுக் கைக்குள் வைத்துக்கொண்டார். அந்தக் கை வீங்கிப்போய், வளையல் சதைக்குள் புதைந்திருந்தது.

"வேற கேன் ஒண்ணு குடுங்க டாக்டர். இந்தத் தடவை தலைமாட்டுல வெச்சுப் படுத்துக்கறேன். மூட்டை தூக்க எனக்கு ஒரு கிட்னி போதுமுங்க. இவளுக்குத்தான் ரெண்டும் போயிருச்சுங்களே!"