ஒரே தாளில் இரண்டு போஸ்டர்

மாரிச்செல்வியின் கம்ப்யூட்டர் விழித்துக்கொள்வதற்குள் சிவகாசியிலிருந்து இருக்கன்குடிக்கு நடந்துபோய், மொட்டை போட்டு, முடி வளர்ந்து திரும்பிவிடலாம்.

எனக்கு எழுபது நிறைகிறது. 'வாழ்த்த வயதில்லை, வணங்குகிறோம்' என்று எனக்கு நானே போஸ்டர் அடிக்க வந்திருந்தேன். ஞாயிற்றுக்கிழமை, ஊரில் திறந்திருந்த டிசைன் கடை மாரிச்செல்வியுடையது ஒன்றுதான்.

எனக்கு முன்னால் இரண்டு பேர். இரண்டுமே கண்ணீர் அஞ்சலி.

ஆமத்தூர் ராஜசிங் வாத்தியார், மகள் ரீனாவுக்கு. ரத்தினசாமி, மகன் ஹரிபிரசாத்துக்கு. நேற்று ஏழாயிரம்பண்ணைப் பட்டாசு ஆலை வெடிவிபத்தில் ஒரே அறையில் போனவர்கள். புருஷன் பொண்டாட்டி.

மதம் விட்டு மதம் கட்டிக்கொண்டதால் இரண்டு வீடும் கதவடைக்க, பட்டாசுக்கு மருந்து கலக்கும் வேலைக்குப் போன பிள்ளைகள்.

அப்பன்மார் அன்றிலிருந்து ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்ததில்லை. இப்போதும் பார்க்கவில்லை. இருவர் நாற்காலிக்கும் நடுவே ஒரு லோடு லாரியைத் திருப்பி எடுக்கலாம்.

"சிலுவை போடும்மா. அடக்கம் ஆமத்தூர் கல்லறைத் தோட்டத்துல. எம்மக பக்கத்துல வேற பேரு வரப்படாது," என்றார் வாத்தியார்.

"ஒங்களுக்கு எங்கன தகனம்னு போடணும்ணே?"

"எடத்தப் பொறவு சொல்லுதேன் தாயி," என்றார் ரத்தினசாமி. ஆஸ்பத்திரியிலிருந்து நேரே வந்திருந்தார்; வாத்தியார் இனிமேல்தான் அங்கே போகவேண்டும்.

இரண்டையும் ஒரே தாளில் அடித்து நடுவில் வெட்டிக்கொள்ளலாம் என்று, மாரிச்செல்வி இரண்டு பெயர்ப் பெட்டிகளையும் பிடித்து வரிசைப்படுத்தினாள். விரல் பக்கத்துப் பொத்தானில் பட்டுவிட்டது.

இரண்டு பெட்டியும் ஒரே பெட்டியானது. பெயர்கள் இடைவெளியே இல்லாமல் ஒட்டிக்கொண்டன.

ரீனாஹரிபிரசாத்.

வாத்தியார் எழுந்துவிட்டார். மூன்று பள்ளிக்கூடத்தை அடக்கி வைத்த முகம் அது. நான் சுவரோடு சுவரானேன்.

"கை தவறிட்டு சார். இந்தா, பிரிச்சிருதேன்."

ரத்தினசாமி முதல் தடவையாக அவர் பக்கம் திரும்பினார்.

"ஆஸ்பத்திரிலயும் பிரிக்க முடியலன்னுட்டாக, சார். ஒரே பொட்டலமாத்தான் கெட்டிக் குடுத்திருக்காக. தெரு முக்குல, வண்டியில இருக்கு."

மாரிச்செல்வி மவுஸிலிருந்து கையை எடுத்துக்கொண்டாள்.

வாத்தியார் திரையையே பார்த்துக்கொண்டு நின்றார். பிறகு கேட்டார்:

"எங்க கொண்டுபோவோம், சம்மந்தி?"