திருப்பிக் காட்டினால் சம்மதம்

"எங்க வீட்டுல கல்யாணம் பேச வந்தா, ஃப்ரிட்டாட்டா முட்டை அடையை உடையாம திருப்பிக் காட்டணும். மூணு தலைமுறை வழக்கம். உடைஞ்சா சம்மதமில்லை," என்று எர்சிலியா விறைப்பாக நின்றாள்.

முட்டையில் சுக்கினிக் காயும் வெங்காயமும் கலந்து ஊற்றிய நுன்சியோவின் கை தடுமாறியது.

"என்ன மாப்பிள்ளை, கை நடுங்குது?"

"நீங்க முறைச்சா அடுப்பே நடுங்கும்!"

சட்டியைத் தட்டால் மூடிச் சட்டெனக் கவிழ்த்ததும், ஃப்ரிட்டாட்டா பொன்னிறமாக முழுசாய் வந்து விழுந்தது. எர்சிலியா ஓரத்தைக் கிள்ளித் தின்றாள். குறை சொல்ல வழியில்லை.

"சரி, குடும்ப மானம் பிழைச்சது. சம்மதம்."

கதவுக்குப் பின்னால் காத்திருந்த அவள் அம்மா துள்ளாத குறையாக உள்ளே வந்தாள்.

"அப்பாடா! எழுபது வயசுல எனக்கு மறுபடி கல்யாணம்! உங்கப்பா அன்னைக்கு உடைச்சதை நான் அவசரமா தின்னு மறைச்சேன். இவர் அந்தக் கஷ்டம் வைக்கலைடி!"