சிவப்பு விளக்கு எரியும்போது

பியானோக்காரர் பிழைக்க வந்தவர். இசைத்தட்டு கம்பெனி வேலை கொடுக்கும் வரைதான் அவரும் மனைவியும் இந்த நாட்டில் இருக்கலாம். இந்தத் தட்டை இன்றைக்குள் முடிக்காவிட்டால் கம்பெனி கைகழுவிவிடும்.

"முடிச்சிட்டு வாங்க. இல்லன்னா நான் பரண்லேருந்து பெட்டிய இறக்கிடுவேன்" என்று வாழ்த்தித்தான் மனைவி அனுப்பியிருந்தாள்.

யாராவது பார்த்தால் அவருக்கு விரல் ஓடாது. அதனால் வாசிக்கும் அறைக்கும் ஒலிப்பதிவாளரின் அறைக்கும் நடுவிலுள்ள கண்ணாடியில் திரையை இழுத்துவிட்டுத்தான் வாசிப்பார். பத்து வருஷமாக அதே திரை, அதே ஒலிப்பதிவாளர்.

பாதியில் வலது கை மரத்துப்போனது. எழுந்து, ஒலிப்பதிவாளரின் அறைக்கு வந்து, வாசித்து முடித்ததும் வழக்கமாக உட்காரும் பக்கத்து நாற்காலியில் தொப்பென்று உட்கார்ந்தார். மன்னிப்புக் கேட்க வாயைத் திறந்தார். ஒலிப்பதிவாளர் திரும்பாமலே உதட்டில் விரலை வைத்தார். சிவப்பு விளக்கு எரிந்துகொண்டிருந்தது. அது எரியும்போது யாரும் தும்மக்கூட முடியாது.

ஒலிபெருக்கியில் பியானோ ஓடிக்கொண்டிருந்தது. இவர் விட்ட இடத்திலிருந்து, பிசிறில்லாமல்.

குரல் கொடுத்தால் பதிவு கெடும். பதிவு கெட்டால் ஊரைப் பார்த்துக் கிளம்ப வேண்டியதுதான். வாயை மூடிக்கொண்டார்.

கடைசி ஸ்வரம் அடங்கியது. விளக்கு அணைந்தது. திரைக்கு அந்தப் பக்கம் முக்காலி நகர்ந்தது. காலடிச் சத்தம் கதவை நோக்கி வந்தது.

"மனுஷன் பிச்சு உதறிட்டாரு!" என்ற ஒலிப்பதிவாளர் அப்போதுதான் இவரைப் பார்த்தார். "சார், நீங்க யாருன்னு தெரியல. கொஞ்சம் எழுந்துக்குங்க. அது அவர் உக்கார்ற இடம்."